விளையாட்டு வட்டுகளுக்குப் பிசகற்ற காப்புப் பிரதி எடுக்கும் முறை

சில ஆண்டுகளுக்கு முன்பு என்னிடமிருந்த பத்துப் பன்னிரண்டு பழைய பிளேஸ்டேஷன், சேகா சாட்டர்ன் வட்டுகளை ஒரே வார இறுதியில் கணினிக்கு மாற்றி, ஒவ்வொன்றையும் ஐஎஸ்ஓ என்னும் வட்டு நகல் கோப்பாகச் சேமித்துவிட்டு, வேலை முடிந்தது என்று நிம்மதியாக இருந்துவிட்டேன். வெகுநாள் கழித்து அவற்றில் ஒன்றை, சாட்டர்னுக்கு வந்த ஒரு கார்ப் பந்தயத்தை, எமுலேட்டரில் (பழைய கன்சோலைக் கணினியில் போலச்செய்யும் மென்பொருளில்) திறந்தபோது பந்தயம் தொடங்கியது, எஞ்சின் உறுமியது, சக்கரம் கிறீச்சிட்டது. பின்னணி இசை மட்டும் வரவே இல்லை. பெட்டியிலிருந்து மூல வட்டைத் தேடியெடுத்து விளக்கொளியில் பிடித்துப் பார்த்தால், வெளி விளிம்பை ஒட்டி ஊசி முனையளவு துளைகள் பல தெரிந்தன. சிடி என்பது உள்வட்டத்தில் தொடங்கி வெளிநோக்கிப் படிக்கப்படுவது; விளையாட்டின் தரவு உள்ளே இருக்க, இசை டிராக்குகள் அதற்கு வெளியே அமைந்திருந்தன. நான் எடுத்த கோப்பில் இசை இல்லை. இசை இருந்த இடமோ வட்டில் அரித்துப் போயிருந்தது.

அந்த இழப்புக்கு மென்பொருளைக் குறை சொல்ல வழியில்லை. வட்டில் என்னென்ன இருக்கிறது என்று பாராமலே ஐஎஸ்ஓ போதும் என்று நானாக முடிவு செய்தேன். எடுத்த கோப்பு சரியாக இருக்கிறதா என்று மூல வட்டு நலமாக இருந்த காலத்திலேயே சோதிக்கவும் தவறினேன். காப்புப் பிரதி எடுப்பதில் பொத்தானை அழுத்தி நகலெடுப்பது சிறு பகுதிதான். எந்த வட்டுக்கு எந்த வடிவம் என்று முன்கூட்டியே அறிவதும், எடுத்த பிறகு சரிபார்ப்பதுமே பெரும்பகுதி என்பதால், கீழே அவ்விரண்டுக்கும் கூடுதல் இடம் கொடுத்திருக்கிறேன்.

உரிமையும் அதன் எல்லையும்

விலை கொடுத்து வாங்கிய நிரலுக்குப் பாதுகாப்புக் கருதி ஒரு நகல் வைத்துக்கொள்வதைப் பல நாடுகளின் பதிப்புரிமைச் சட்டங்கள் ஏதேனுமொரு வடிவில் அனுமதிக்கின்றன. அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தின் 117-ஆம் பிரிவு, ஐரோப்பிய ஒன்றியம் 2009-இல் வெளியிட்ட மென்பொருள் நெறிமுறை, இந்தியாவின் 1957-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு ஆகியவை அத்தகையவை. ஆயினும் இவை கணினி நிரல்களைப் பற்றிப் பேசுகின்றனவே தவிர, விளையாட்டில் அடங்கியுள்ள இசை, காணொளி முதலியவற்றைத் தனித்துப் பெயர் சொல்லிப் பேசுவதில்லை. அதைவிட முக்கியமாக, வட்டில் போடப்பட்டுள்ள மறைகுறியாக்கப் பூட்டை உடைப்பது வேறொரு சட்டக் கேள்வி. அமெரிக்காவில் 1998 முதலும் இந்தியாவில் 2012-ஆம் ஆண்டுத் திருத்தம் முதலும் அதற்கெனத் தனி விதிகள் உள்ளன. எனவே நீங்கள் வாழும் நாட்டின் சட்டத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள். இந்த வழிகாட்டி எந்தப் பூட்டையும் உடைக்காமல், வட்டில் உள்ளதை உள்ளபடியே எடுக்கும் முறைகளை மட்டுமே விளக்குகிறது.

பிரதி வைத்துக்கொள்ளும் உரிமை வட்டோடு ஒட்டியது. வட்டை விற்றாலோ பிறருக்குக் கொடுத்தாலோ பிரதியை அவரிடமே சேர்த்துக் கொடுக்க வேண்டும் அல்லது அழிக்க வேண்டும். அமெரிக்கச் சட்டம் இதை வெளிப்படையாகவே சொல்கிறது. பிரதியை இணையத்தில் ஏற்றுவதற்கு இந்த உரிமைகளில் எதுவும் துணை நிற்காது.

வட்டில் இருப்பது என்ன?

வட்டின் அடிப்பக்க நிறமே முதல் துப்பு. முதல் பிளேஸ்டேஷனின் வட்டுகள் பெரும்பாலும் கறுப்பு. அவை அனைத்தும் சிடி. கறுப்பு நிறத்தைக் கண்டு கணினி டிரைவ் படிக்காது என்று அஞ்ச வேண்டியதில்லை: சிடி டிரைவின் லேசர் 780 நானோமீட்டர் அலைநீளமுள்ள அகச்சிவப்பு ஒளி, நம் கண்ணுக்குக் கறுப்பாகத் தெரியும் அந்தப் பிளாஸ்டிக்கை அது தடையின்றி ஊடுருவும். பிளேஸ்டேஷன் 2-இல் அடிப்பக்கம் நீலமாக இருந்தால் சிடி, வெள்ளியாக இருந்தால் டிவிடி. சாட்டர்ன், சேகா சிடி, பிசி எஞ்சின் சிடி, 3டிஓ, நியோ ஜியோ சிடி ஆகிய அனைத்தும் சிடி வகையே. இவற்றையெல்லாம் சாதாரணக் கணினி டிரைவே படித்துவிடும்.

டிவிடியைப் பொறுத்தவரை விஷயம் எளிது. வட்டில் தரவு செக்டார் என்னும் சிறு துண்டுகளாக வைக்கப்பட்டிருக்கும்; டிவிடியின் ஒவ்வொரு செக்டாரிலும் கணினிக்குக் கிடைக்கும் தரவு 2,048 பைட். அவற்றை முதலிலிருந்து கடைசிவரை வரிசையாக அடுக்கினால் கிடைப்பதுதான் ஐஎஸ்ஓ. ஒற்றை அடுக்கு வட்டானால் அதிகபட்சம் 4.7 ஜிபி, இரட்டை அடுக்கானால் 8.5 ஜிபி. இதில் தவறு செய்யப் பெரிய வாய்ப்பு இல்லை.

சிடியோ அப்படிப்பட்டதன்று. இசைக்காகப் பிறந்த வட்டைப் பிற்பாடு தரவுக்குப் பழக்கியதால், அதன் செக்டார் ஒவ்வொன்றும் உண்மையில் 2,352 பைட் நீளமுள்ளது. சாதாரணத் தரவு செக்டாரில் அந்த 2,352-இல் 2,048 மட்டுமே தரவு. மீதமுள்ள 304 பைட்டுகள் செக்டாரின் தலைப்பு, பிழை காண்பதற்கான குறியீடு, பிழை திருத்துவதற்கான குறியீடு ஆகியவற்றுக்குப் போகின்றன. இசை செக்டாரிலோ 2,352 பைட்டும் ஒலியே. பிழையைக் காட்டிக்கொடுக்கும் குறியீடு எதுவும் அதற்குள் இல்லை. இந்த வேறுபாட்டை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், சரிபார்க்கும் கட்டத்தில் இது மீண்டும் வரும்.

மூன்றாவதாக ஒரு வகையும் உண்டு, பிளேஸ்டேஷன் வட்டுகளில் அது தாராளமாகப் புழங்குகிறது. திரைப்படம்போல ஓடும் காட்சிகளையும் ஓடும்போதே படிக்கப்படும் ஒலியையும் வைக்க, பிழைதிருத்தக் குறியீட்டைக் கைவிட்டு அந்த இடத்தையும் தரவுக்கே கொடுத்துவிட்ட செக்டார்கள் அவை. ஒவ்வொன்றிலும் 2,324 பைட் தரவு இருக்கும். அத்தகைய வட்டை வலுக்கட்டாயமாக ஐஎஸ்ஓ ஆக்கினால் செக்டாருக்கு 2,048 பைட் மட்டுமே எடுக்கப்பட்டு, மீதி 276 பைட் வெட்டுண்டு போகும். விளையாட்டு தொடங்கும், ஆட்டமும் நடக்கும். முகப்புக் காட்சி வரும்போது படம் சிதறும் அல்லது விளையாட்டே உறைந்துவிடும்.

ஆகவே விதி இதுதான்: டிவிடிக்கு ஐஎஸ்ஓ, சிடிக்கு 'பின்', 'கியூ' என்ற இரட்டைக் கோப்புகள். ('முன்', 'பின்' என்னும் பின் அன்று; இருமத் தரவைக் குறிக்கும் கோப்பு விகுதி.) 74 நிமிட சிடி ஒன்றில் விநாடிக்கு 75 வீதம் 3,33,000 செக்டார்கள் இருக்கும். அதை 2,048 வீதம் எடுத்தால் 68,19,84,000 பைட். 2,352 வீதம் எடுத்தால் 78,32,16,000 பைட். ஒரே வட்டுக்கு இரண்டு அளவு வருவதைக் கண்டு, சிறியதே சிக்கனம் என்று பலர் ஐஎஸ்ஓ-வைத் தேர்ந்துவிடுகிறார்கள். நானும் அப்படித்தான் தேர்ந்தேன்.

'பின்' கோப்பில் வட்டின் முழுச் சரக்கும் இருக்கும்; 'கியூ' என்பது அதற்கான விவரப் பட்டியல். நோட்பேடில் திறந்து பார்க்கக்கூடிய சில வரிகளே அதில் உள்ளன: எந்தக் கோப்பு, எத்தனை டிராக், அவற்றில் எது தரவு, எது ஒலி, ஒவ்வொன்றும் எங்கே தொடங்குகிறது என்பவை. தொடங்குமிடம் நிமிடம், விநாடி, சட்டகம் என மூன்று எண்களாக எழுதப்பட்டிருக்கும். கடைசி எண் 74-க்கு மேல் போகாது, ஏனெனில் விநாடிக்கு 75 சட்டகங்களே. கோப்புறையை அழகுபடுத்துகிறேன் என்று 'பின்' கோப்பின் பெயரை மட்டும் மாற்றிவிட்டு, 'கியூ'வின் முதல் வரியில் பழைய பெயரை அப்படியே விட்டுவிடுவது மிகப் பரவலான தவறு. வட்டைத் திறக்க முடியவில்லை என்று எமுலேட்டர் சொன்னால் முதலில் பார்க்க வேண்டிய இடம் அந்த வரிதான். திறந்து, மேற்கோள் குறிகளுக்குள் இருக்கும் பெயரைத் திருத்திச் சேமித்தால் போதும்.

இவ்விரண்டு கோப்புகளிலும் அடங்காத ஒன்றும் வட்டில் உண்டு. செக்டார்களோடு இணையாக ஓடும் துணைத்தடம் அது. ஐரோப்பிய வெளியீடாக வந்த பிளேஸ்டேஷன் விளையாட்டுகள் சிலவற்றில் லிப்கிரிப்ட் என்னும் பாதுகாப்பு அந்தத் துணைத்தடத்தில்தான் ஒளித்து வைக்கப்பட்டிருந்தது. அத்தகைய வட்டுகளுக்கு எஸ்பிஐ என்னும் சிறு கோப்பும் கூடவே வேண்டும். இல்லையெனில் விளையாட்டு ஓரிடத்தில் வந்து நின்றுவிடும்.

துடைப்பதும் பார்வையிடுவதும்

வட்டைத் துணியால் வட்டமாகத் துடைக்காதீர்கள். நடுவிலிருந்து விளிம்பை நோக்கி நேர்கோடாகத் துடையுங்கள். சிடியின் பிழைதிருத்த முறை தடத்தின் நீளவாக்கில் சுமார் 2.5 மில்லிமீட்டர் வரையிலான இழப்பை முழுமையாக ஈடுசெய்யவல்லது. தடத்தைக் குறுக்கே வெட்டும் கீறல் ஒவ்வொரு சுற்றிலும் துளியளவே இடத்தைக் கெடுப்பதால் டிரைவ் அதைத் தாண்டிவிடும்; தடத்தோடு சேர்ந்து வளைந்து செல்லும் கீறல் ஒரே தொடராகப் பல மில்லிமீட்டரை விழுங்கிவிடும். வட்டமாகத் துடைக்கும்போது துணியில் ஒரு மணல் துகள் இருந்தாலே போதும், அந்த இரண்டாம் வகைக் கீறலை நாமே போட்டுவிடுவோம். பஞ்சுபோன்ற நுண்ணிழைத் துணியும் சிறிது தண்ணீரும் பெரும்பாலான கைரேகைகளுக்குப் போதுமானவை.

பலரும் பளபளக்கும் அடிப்பக்கத்தைக் காத்துவிட்டு, படம் அச்சிட்ட மேற்பக்கத்தை அலட்சியமாகக் கையாளுகிறார்கள். சிடியைப் பொறுத்தவரை இது தலைகீழான அக்கறை. அடிப்பக்கத்தில் 1.2 மில்லிமீட்டர் தடிமனுள்ள பிளாஸ்டிக் காவலாக இருக்கிறது. ஒளியைத் திருப்பியனுப்பும் அலுமினியப் படலமோ மேற்பக்கத்தில், மெல்லிய அரக்குப் பூச்சுக்கும் அச்சுக்கும் நேர்கீழே இருக்கிறது. அடிப்பக்கக் கீறலை மெருகேற்றிச் சரிசெய்ய முடியும். மேற்பக்கக் கீறல் அலுமினியத்தையே சுரண்டிவிட்டால் அந்தத் தரவு போனது போனதுதான். டிவிடியில் இரண்டு 0.6 மில்லிமீட்டர் தகடுகளுக்கு நடுவே படலம் ஒட்டப்பட்டிருப்பதால் இந்த ஆபத்து குறைவு. வட்டை ஒளிக்கு எதிரே பிடித்து, துளைகளோ விளிம்பில் நிறமாற்றமோ தெரிந்தால் அந்த வட்டை வரிசையின் முதலில் வையுங்கள், நலமானவை காத்திருக்கலாம்.

படித்தல்

விண்டோஸில் இம்ஜ்பர்ன் என்னும் இலவச மென்பொருள் இன்றும் போதுமானது; அதன் கடைசிப் பதிப்பு 2013-இல் வந்தது என்றாலும் வட்டுகளும் அதற்குப் பின் மாறிவிடவில்லை. வட்டிலிருந்து இமேஜ் கோப்பு உருவாக்கும் பகுதியைத் திறந்து, டிரைவைத் தேர்ந்து, சேமிக்கும் இடத்தைக் காட்டினால், வட்டில் ஒன்றுக்கு மேற்பட்ட டிராக்குகள் இருப்பதைக் கண்டு அதுவே 'பின்' வடிவத்துக்கு மாறிக்கொள்ளும். ஒரே டிராக் உள்ள பிளேஸ்டேஷன் வட்டுகளில் மட்டும், தொடங்குமுன் கோப்பின் விகுதி என்னவென்று ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். லினக்ஸில் சிடிக்குச் சிடிஆர்டிஏஓ என்னும் கருவியை மூல வாசிப்பு நிலையில் இயக்கி, அது தரும் உள்ளடக்கப் பட்டியலைக் 'கியூ'வாக மாற்றிக்கொள்ளலாம். டிவிடிக்கு டிடி கட்டளையே போதும்.

துணைத்தடத்தையும் சேர்த்து, ஆவணக்காப்பகத் தரத்தில் எடுக்க விரும்புவோர் ரீடம்பர் என்னும் கருவியைப் பயன்படுத்த வேண்டும். கட்டளை வரியில் வேலை செய்யத் தயங்குவோருக்கு எம்பிஎஃப் என்ற முகப்பு இருக்கிறது. அது பின்னணியில் ரீடம்பரையே இயக்கிவிட்டு, முடிவில் ஒவ்வொரு டிராக்கையும் தனித்தனிக் கோப்பாகவும் அவற்றின் ஹாஷ் எண்களை (கோப்பின் கைரேகை போன்றவை, பின்னர் விளக்குகிறேன்) பட்டியலாகவும் தருகிறது. எல்லா டிரைவும் இதற்கு ஒரே அளவில் ஒத்துழைப்பதில்லை. பழைய பிளெக்ஸ்டர் டிரைவ்களுக்கு இன்றும் மதிப்பு இருப்பதற்கு இதுவே காரணம். சிடிகள் என்னிடம் இருபதுக்குமேல் இருந்தால் நான் ரீடம்பரையே தேர்வேன்; இரண்டு மூன்று என்றால் இம்ஜ்பர்னே போதும் என்பது என் கருத்து.

வேகத்தைப் பற்றி மிகையான நம்பிக்கைகள் உலவுகின்றன. மிகக் குறைந்த வேகமே மிகத் துல்லியம் என்பது எப்போதும் உண்மையன்று. இன்றைய டிரைவ்கள் பல ஒற்றை மடங்கு வேகத்துக்கு இறங்குவதே இல்லை. சிடிக்கு எட்டு மடங்கு நல்ல நடுநிலை. முழு வட்டு ஏறத்தாழப் பத்து நிமிடத்தில் முடியும். டிவிடிக்கு நான்கு மடங்கு வைத்தால் ஒற்றை அடுக்கு வட்டுக்குக் கால் மணி நேரம் ஆகும். படிக்கும் நேரத்தில் அதே ஹார்ட் டிஸ்கில் வேறு பெரிய கோப்புகளை நகர்த்தாமல் இருப்பது நல்லது. சேமிக்கும் யுஎஸ்பி டிஸ்க் ஃபேட்32 முறையில் வடிவமைக்கப்பட்டிருந்தால் 4 ஜிபி-க்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பை அது ஏற்காது. டிவிடி பாதியில் நின்றதற்கு வட்டைப் பழிக்குமுன் இதைப் பாருங்கள். எக்ஸ்ஃபேட் அல்லது என்டிஎஃப்எஸ் முறையில் இந்தத் தடை இல்லை.

பிடிவாதம் பிடிக்கும் வட்டுகள்

வாசிப்பு ஓரிடத்தில் சிக்கிக்கொண்டு, டிரைவ் முனகியபடி மீண்டும் மீண்டும் அதே இடத்தில் முட்டும்போது, பிழையைப் புறக்கணித்து மேலே போகச் சொல்லும் பொத்தான் கண்ணெதிரே இருக்கும். அதை அழுத்தாதீர்கள். படிக்க முடியாத இடத்தைச் சுழியங்களால் நிரப்பிவிட்டு, வேலை வெற்றி என்று மென்பொருள் அறிவித்துவிடும். பத்தாம் கட்டத்தில் விளையாட்டு நிற்கும்போதுதான் உண்மை தெரியும்.

டிவிடியானால் டிடிரெஸ்க்யூ என்னும் கருவியின் துணையை நாடுங்கள். அது முதல் சுற்றில் எளிதாகப் படிக்கும் இடங்களையெல்லாம் வாரிக்கொண்டு, கெட்ட இடங்களை ஒதுக்கிவைத்துவிட்டு, பிறகு அந்த இடங்களுக்கு மட்டும் திரும்பிப் போராடும். எது கிடைத்தது, எது கிடைக்கவில்லை என்பதை வரைபடக் கோப்பு ஒன்றில் குறித்துக்கொண்டே வருவது அதன் தனிச்சிறப்பு. அந்தக் கோப்பு இருப்பதால், ஒரு டிரைவில் முடிந்தவரை எடுத்துவிட்டு, வட்டை வேறொரு டிரைவில் போட்டு, விட்ட இடத்திலிருந்து தொடரலாம். ஒரு டிரைவின் லேசர் தடுமாறும் இடத்தை இன்னொன்று இயல்பாகப் படித்துவிடுவது உண்டு. மடிக்கணினியின் மெல்லிய டிரைவ் 300 செக்டார்களை விட்டுவிட்ட ஒரு வட்டை மேசைக்கணினியின் பழைய டிரைவ் ஒன்றுவிடாமல் முடித்ததைப் பார்த்திருக்கிறேன். டிடிரெஸ்க்யூவை இயக்கும்போது சரியான செக்டார் அளவு, அதாவது 2,048, அதற்குச் சொல்லப்பட்டிருக்க வேண்டும். இசை டிராக் கலந்த சிடிக்கு இந்தக் கருவி பொருந்தாது. அங்கே துடைத்துப் பார்ப்பது, டிரைவை மாற்றிப் பார்ப்பது, ரீடம்பரைக் கொண்டு விடுபட்ட செக்டார்களை மட்டும் மீண்டும் படிக்கச் செய்வது ஆகியவையே வழிகள்.

பழைய கணினி விளையாட்டு வட்டுகளில் செக்டார் பிழை வந்தால் உடனே வட்டு கெட்டுவிட்டது என்று எண்ண வேண்டாம். சேஃப்டிஸ்க் போன்ற பாதுகாப்புகள் வேண்டுமென்றே படிக்க முடியாத செக்டார்களை வட்டில் பதித்திருந்தன. மேலும், சேஃப்டிஸ்கின் டிரைவர் நிரலை விண்டோஸ் 10 ஏற்பதில்லை என்பதால், பிரதியைப் பற்றிக் கவலைப்படுமுன் மூல வட்டே இன்றைய கணினியில் ஓடாது. அந்த விளையாட்டுகளுக்குப் பூட்டில்லாத மறுவெளியீடு கிடைத்தால் வாங்கிவிடுவதே சுருக்கமான வழி.

கணினி டிரைவுக்கு எட்டாதவை

சேகா ட்ரீம்காஸ்டின் ஜிடி-ரோம் என்னும் தனிவகை வட்டைக் கணினியில் போட்டால் வெளிப்புறமுள்ள அடர்த்தியான பகுதி தெரியாது. விளையாட்டு இருப்பது அங்கேதான். நின்டெண்டோவின் கேம்கியூப், வீ ஆகிய கன்சோல்களின் வட்டுகளையும் சாதாரண டிரைவ் படிக்காது. இவற்றுக்கெல்லாம் அந்தந்தக் கன்சோலையே வாசிப்புக் கருவியாக்க வேண்டும். வீ கன்சோலில் தனியார் நிரல்களை இயக்கும் வசதியை நிறுவியிருந்தால், கிளீன்ரிப் என்னும் நிரல் கேம்கியூப், வீ இரண்டின் வட்டுகளையும் யுஎஸ்பி டிஸ்குக்கு எடுத்துவிடும். வீ வட்டின் மறைகுறியாக்கத்தை அது நீக்குவதில்லை, இருப்பதை இருந்தபடியே எழுதுகிறது. கேம்கியூப் வட்டின் முழுப் பிரதி எப்போதும் 1,45,99,78,240 பைட், ஒற்றை அடுக்கு வீ வட்டு 4,69,99,79,776 பைட். உங்கள் கோப்பு இதற்கு ஒரு பைட் குறைந்திருந்தாலும் அது முழுமையானதன்று.

பிளேஸ்டேஷன் 3-உம் அதற்குப் பிந்தையனவுமான பிளேஸ்டேஷன் வட்டுகள் மறைகுறியாக்கப்பட்டவை. முன்பு சொன்ன எல்லைக்கு வெளியே உள்ளன. அவற்றுள் பிளேஸ்டேஷன் 4, எக்ஸ்பாக்ஸ் ஒன் ஆகியவற்றின் வட்டுகள் பலவற்றுக்குப் பின்னர் இணையம்வழி வரும் திருத்தங்கள் இன்றியமையாதவை என்பதால் வட்டை மட்டும் பிரதியெடுப்பதன் பயனும் குறைவு. அங்கே கன்சோலின் சொந்தக் காப்பு வசதியைக் கொண்டு, நிறுவிய விளையாட்டையும் ஆட்டப் பதிவுகளையும் வெளி டிஸ்கில் வைத்துக்கொள்வதே செய்யத்தக்கது.

சரிபார்த்தல்

முதல் சோதனைக்கு ஒரு நொடி போதும்: கோப்பின் அளவைப் பாருங்கள். ஐஎஸ்ஓ-வின் பைட் எண்ணிக்கை 2,048-ஆல் மீதியின்றி வகுபட வேண்டும், 'பின்' கோப்பினுடையது 2,352-ஆல் வகுபட வேண்டும். வகுபடாவிட்டால் கோப்பு பாதியில் அறுந்திருக்கிறது.

அடுத்தது ஹாஷ். ஒரு கோப்பின் அனைத்துப் பைட்டுகளையும் கணக்கிட்டு அதற்கு ஒரு நீண்ட எண்ணைத் தரும் முறை அது; கோப்பில் ஒரே ஒரு பிட் மாறினாலும் எண் முற்றிலும் வேறாகிவிடும். சிஆர்சி32, எம்டி5, எஸ்எச்ஏ-1 ஆகியவை வழக்கிலுள்ளவை. விண்டோஸில் செவன்-ஜிப் நிறுவியிருந்தால் கோப்பின் மீது வலச்சொடுக்குச் செய்து சிஆர்சி, எஸ்எச்ஏ எண்களைப் பெறலாம். லினக்ஸிலும் மேக்கிலும் அதற்கான கட்டளைகள் உடன் வருகின்றன.

இந்த எண்ணை வைத்துக்கொண்டு இரண்டு வகையாகச் சோதிக்கலாம். ஒன்று, வட்டைத் தட்டிலிருந்து எடுத்து மீண்டும் போட்டு, இரண்டாம் முறையாக முழுவதும் படித்து, இரு கோப்புகளின் ஹாஷும் ஒத்திருக்கின்றனவா என்று பார்ப்பது. தரவு செக்டாரில் பிழை நேர்ந்தால் அதன் குறியீடே காட்டிக்கொடுத்துவிடும். டிரைவும் பிழை என்று சொல்லும். இசை செக்டாரில் அப்படிப்பட்ட சாட்சி இல்லை என்று முன்பு சொன்னேன் அல்லவா? அங்கே டிரைவ் விடுபட்ட ஒலியை அக்கம்பக்கத்தைப் பார்த்து ஊகித்து நிரப்பிவிட்டு, எதுவும் நடக்காததுபோல் அடுத்த செக்டாருக்குப் போய்விடும். ஊகம் இரண்டு முறையும் அச்சொட்டாக ஒன்றாக அமைவது அரிது. ஆகவே இசை உள்ள சிடிகளை இரண்டு முறை படிப்பதை மிகையான எச்சரிக்கை என்று எண்ணாதீர்கள். முடிந்தால் இரண்டாம் வாசிப்பை அதே மாதிரியைச் சேர்ந்த வேறொரு டிரைவில் செய்யுங்கள்.

மற்றொன்று, ரீடம்ப் என்னும் தன்னார்வத் திட்டத்தின் பட்டியலோடு ஒப்பிடுவது. அவர்கள் விளையாட்டுக் கோப்புகளைத் தருவதில்லை. ஒவ்வொரு வட்டின் ஒவ்வொரு டிராக்கும் எத்தனை பைட், அதன் ஹாஷ் என்ன என்பதை மட்டும் தொகுத்து வைத்திருக்கிறார்கள். உங்கள் எண்ணும் அங்குள்ள எண்ணும் பொருந்தினால், வேறொருவர் தம் வட்டிலிருந்து வேறொரு டிரைவில் எடுத்ததும் நீங்கள் எடுத்ததும் பிட் பிசகாமல் ஒன்றே என்று பொருள். அதற்குமேல் உறுதி தேவையில்லை.

பொருந்தாவிட்டாலும் உடனே சோர்ந்துவிட வேண்டாம். பட்டியல் டிராக் வாரியாக இருப்பதால், எல்லா டிராக்கும் ஒரே 'பின்' கோப்பில் இருந்தால் எண் ஒத்துவராது. முதலில் பிரித்துக்கொள்ள வேண்டும். அடுத்து, வட்டின் வரிசை எண்ணையும் பதிப்பையும் பாருங்கள். ஒரே விளையாட்டின் ஜப்பானிய, ஐரோப்பிய, அமெரிக்க வெளியீடுகளும், பிழைகள் திருத்தி மறுபடி அச்சடிக்கப்பட்டவையும் தனித்தனியாகவே பட்டியலிடப்பட்டிருக்கும். தரவு டிராக் பொருந்தி இசை டிராக்குகள் மட்டும் பொருந்தவில்லை என்றால் அதற்கு இன்னொரு காரணம் உண்டு. இசை எங்கே தொடங்குகிறது என்பதில் ஒவ்வொரு டிரைவ் மாதிரியும் சில ஒலிக்கூறுகள் முன்னதாகவோ பின்னதாகவோ பிசகுகிறது. பழைய பிளெக்ஸ்டர்களில் அந்தப் பிசகு 30 ஒலிக்கூறு. விநாடிக்கு 44,100 ஒலிக்கூறுகள் உள்ள ஒலியில் இது ஆயிரத்தில் ஒரு விநாடிக்கும் குறைவு. எந்தக் காதுக்கும் கேட்காது; ஹாஷ் எண்ணையோ முழுவதுமாக மாற்றிவிடும். ரீடம்பர் இதைத் தானே சரிசெய்துகொள்கிறது. இம்ஜ்பர்னில் எடுத்தவர் இந்த வேறுபாட்டைப் பொருட்படுத்தாமல் விட்டுவிடலாம்.

கடைசியாக, கோப்பை எமுலேட்டரில் திறந்து பத்து நிமிடமாவது ஆடிப் பாருங்கள். முகப்புக் காட்சியை ஓடவிடுங்கள், இசை ஒலிக்கிறதா என்று கேளுங்கள். பல வட்டுகள் கொண்ட விளையாட்டானால் ஒவ்வொரு வட்டையும் தனியே சோதியுங்கள். முதல் வட்டு நலமாக இருப்பதால் நான்காவதும் நலமாக இருக்கும் என்பதற்கு உத்தரவாதம் ஏதுமில்லை.

சுருக்குதலும் வைத்திருத்தலும்

சரிபார்த்த பிறகே சுருக்குங்கள். சிடிகளுக்குச் சிஎச்டி வடிவம் சிறந்தது. சிஎச்டிமேன் என்னும் கருவி 'கியூ' கோப்பைப் பெற்றுக்கொண்டு, தரவையும் இசையையும் அவற்றுக்கேற்ற முறைகளில் இழப்பின்றிச் சுருக்கி, எல்லா டிராக்குகளையும் ஒரே கோப்பாக்கிவிடுகிறது. டக்ஸ்டேஷன், பிசிஎஸ்எக்ஸ்2 ஆகிய எமுலேட்டர்கள் அதை நேரடியாகவே திறக்கின்றன. கோப்புக்குள்ளேயே எஸ்எச்ஏ-1 எண் பதிவாகியிருப்பதால், நன்றாக இருக்கிறதா என்று பின்னாளில் ஒரே கட்டளையில் சோதிக்கவும் முடியும். கேம்கியூப், வீ வட்டுகளுக்கு டால்பின் எமுலேட்டர் 2020-இல் கொண்டுவந்த ஆர்விஸட் வடிவம் பொருத்தமானது. அந்த வட்டுகளின் காலியிடம் போலி எண்களால் நிரப்பப்பட்டிருக்கும். அவற்றை உருவாக்கும் விதியை ஆர்விஸட் அறிந்திருப்பதால் மிகச் சிறிதாகச் சுருக்கி, வேண்டும்போது பழைய ஐஎஸ்ஓ-வைப் பிட் மாறாமல் திருப்பித் தருகிறது. காலியிடத்தை வெறுமனே வெட்டியெறியும் வடிவங்களும் உண்டு. அவை ஆடுவதற்கு உதவும், காப்புப் பிரதிக்கு உதவாது.

ஒவ்வொரு விளையாட்டுக்கும் ஒரு கோப்புறை வைத்து, அதற்குள் பிரதியோடு ஓர் உரைக்கோப்பையும் எழுதி வையுங்கள். வட்டின் மேற்பக்கத்தில் அச்சிடப்பட்டுள்ள வரிசை எண், எந்த நாட்டு வெளியீடு, எடுத்த தேதி, எந்த டிரைவ், எந்த மென்பொருள், ஹாஷ் எண்கள், பட்டியலோடு பொருந்தியதா இல்லையா என்பன அதில் இருக்கட்டும். வட்டின் இரு பக்கங்களையும் கையேட்டையும் படமெடுத்துச் சேர்த்தால் இன்னும் நல்லது. சில விளையாட்டுகள் கையேட்டின் பக்கத்திலிருந்து ஒரு சொல்லைக் கேட்டு வழிமறிக்கும். மெமரி கார்டு பதிவுகள் வட்டில் இல்லை என்பதையும் மறவாதீர்கள். அவற்றை எடுப்பதற்கான கருவிகள் வேறு.

ஒரே ஹார்ட் டிஸ்கில் இருக்கும் பிரதியை நான் பிரதி என்று கணக்கில் கொள்வதில்லை. இரண்டு டிஸ்குகளில் வைத்து, ஒன்றைக் கணினியிலிருந்து கழற்றி, இயன்றால் வேறு கட்டடத்தில் வையுங்கள். எழுதத்தக்க சிடி, டிவிடிகளில் பதிந்து வைப்பதை நான் பரிந்துரைப்பதில்லை. ஆலையில் அச்சடித்த வட்டில் தரவு குழிகளாகப் பொறிக்கப்பட்டிருக்கும். நாம் எழுதும் வட்டில் அது சாயத்தில் விழுந்த மாற்றம் மட்டுமே, அந்தச் சாயம் வெயிலிலும் வெப்பத்திலும் மங்கும். மூல வட்டுக்கு முன்னால் பிரதி அழிந்துபோகும் வேடிக்கை நமக்கு எதற்கு?

ஆண்டுக்கு ஒருமுறை இரண்டு டிஸ்குகளையும் இணைத்து, ஹாஷ் எண்களை மீண்டும் கணக்கிட்டு உரைக்கோப்பில் உள்ளவற்றோடு ஒப்பிடுங்கள். ஒரு பக்கத்தில் மட்டும் எண் மாறியிருந்தால், அந்தக் கோப்பை நீக்கிவிட்டு நலமாயிருக்கும் பக்கத்திலிருந்து நகலெடுங்கள். அதே டிஸ்கில் இரண்டாவது கோப்பிலும் எண் மாறியிருந்தால் டிஸ்கையே மாற்றிவிடுங்கள். மூல வட்டுகளைப் படுக்கவைத்து அடுக்காமல், அவற்றின் பெட்டிகளிலேயே நிற்கவைத்து, ஈரமும் வெயிலும் படாத அலமாரியில் வையுங்கள்.